ஆழமில்லாத கடலுக்கு ஒரு படகு

ஒஸ்லோவில் இறங்கிய மறுநாளே பேருந்தில் தூங்கிப்போனேன். ஞாயிற்றுக்கிழமை, கடைகள் எல்லாம் பூட்டிக் கிடந்தன. ஊர் பார்க்கலாம் என்று ஏறியவள், வண்டிக்குள் இருந்த கதகதப்பில் கண்ணாடியில் தலை சாய்த்துவிட்டேன். கண் விழித்தபோது வண்டி நின்றிருந்தது. உள்ளே நான் மட்டும். ஓட்டுநர் எழுந்து வந்து நார்வே மொழியில் ஏதோ சொன்னார். பிறகு ஆங்கிலத்தில், இதுதான் கடைசி நிறுத்தம் என்றார். பிறகு என் நெற்றிப் பொட்டைப் பார்த்துவிட்டு, "தமிழோ?" என்றார்.

"ஆமா" என்றேன்.

"ஓம் எண்டாமல் ஆமா எண்டுறியள். அப்ப இந்தியா" என்று சிரித்தார்.

அவர் பெயர் கிருபாகரன். யாழ்ப்பாணக் குடாநாட்டுக்கு மேற்கே கடலில் கிடக்கும் சிறு தீவுகளில் ஒன்றான அனலைதீவில் பிறந்தவர். இளம் வயதில் அகதியாக நார்வேக்கு வந்து, மீன் வெட்டி, தட்டுக் கழுவி, இப்போது ஒஸ்லோவில் பேருந்து ஓட்டுகிறார். வண்டி திரும்பக் கிளம்ப நேரம் இருந்ததால் தன் பிளாஸ்க்கிலிருந்து தேநீர் ஊற்றித் தந்தார். எனக்கு என்ன வேலை என்று கேட்டார்.

நான் தூத்துக்குடிக்காரி. துறைமுகக் கட்டுமானப் பொறியாளர். அப்போது லட்சத்தீவில், கவரத்தியில் வேலை. படகுத் துறை கட்டுவது, கடலின் ஆழம் அளப்பது, மணல் மூடிய வழியைத் தோண்டிவிடுவது, இவைதான் என் தொழில். சிறு தீவுகளின் துறைமுகங்கள் பற்றி ஒஸ்லோவில் நடந்த இரண்டு வாரப் பயிற்சிக்கு என்னை அனுப்பியிருந்தார்கள்.

இதைக் கேட்டதும் அவர் கையிலிருந்த கோப்பையைக் கீழே வைத்துவிட்டார். "தங்கச்சி, உங்களைக் கடவுள்தான் நித்திரையாக்கி இஞ்சை கொண்டு வந்தவர். செவ்வாய்க்கிழமை எங்கட வீட்டை சாப்பிட வாங்கோ. ஒரு படகு விஷயம் கதைக்க வேணும்."

திங்களன்று வகுப்பு தொடங்கியது. ஆசிரியை ஒரு உயரமான நார்வேக்காரி. மாலத்தீவுக்காரர் ஒருவர், செஷெல்ஸிலிருந்து இருவர், பிறகு நான். அவரவர் தீவைப் பற்றிச் சொல்லும்படி ஆசிரியை கேட்டார். நான் எழுந்து லட்சத்தீவை வரைந்தேன். பத்துத் தீவுகளில்தான் ஆட்கள். சுற்றிப் பவளத்திட்டு, நடுவே பச்சை நிறக் காயல். பெரிய கப்பல் உள்ளே வர முடியாது. வெளியே நிற்கும், ஜனங்கள் சின்னப் படகில் தாவி இறங்க வேண்டும். பேச்சு மலையாளம், மினிக்காய் தீவில் மட்டும் மாலத்தீவு மொழிக்கு உறவான மஹல். மேலே டெல்லி அனுப்பும் நிர்வாகி, தீவுக்கொரு அதிகாரி, அதற்குக் கீழே பஞ்சாயத்து. நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர் உண்டு. சட்டசபை கிடையாது.

"நிர்வாகியை யார் தேர்ந்தெடுப்பார்கள்?" என்று ஆசிரியை கேட்டார்.

"யாரும் இல்லை. வருவார், போவார்."

அவர் நம்ப முடியாமல் தலையை ஆட்டினார். நார்வேயின் மேற்குக் கடலில் இருநூற்றுச் சொச்சம் பேரே இருக்கும் ஒரு தீவு இருக்கிறதாம். அதற்குத் தனியாக மேயர், மன்றம், வரவுசெலவுத் திட்டம் எல்லாம் உண்டாம். மாலத்தீவுக்காரர் என் பக்கம் சாய்ந்து, "அங்கே எதிர்க்கட்சித் தலைவர் மேயரின் மச்சானாகத்தான் இருக்க வேண்டும்" என்று கிசுகிசுத்தார்.

மதிய உணவு ரொட்டித் துண்டும், அதன்மேல் பழுப்பு நிறப் பாலாடைக்கட்டியும். பால்கோவாவை அடிப்பிடிக்கவிட்டு உப்புப் போட்டது மாதிரி ஒரு ருசி. முதல் நாள் முகம் சுளித்தேன். ஊருக்குக் கிளம்பும்போது பெட்டியில் இரண்டு கட்டி இருந்தன.

செவ்வாய் மாலை, கிருபாகரனின் வீடு இருந்த ட்வெய்ட்டாவுக்குச் சுரங்க ரயிலில் போனேன். எதிர்த்திசை ரயிலில் ஏறி, இரண்டு நிலையம் தாண்டி இறங்கி, மறுபடி ஏறி, அரை மணி தாமதம். ட்வெய்ட்டா முழுக்க உயரமான அடுக்குமாடிகள். எந்தக் கட்டடம் என்று தெரியாமல் நின்றவளை வறுத்த மிளகாய் வாசனைதான் சரியான வாசலில் கொண்டுபோய்விட்டது.

கிருபாவின் மனைவி சாந்தினி முதியோர் இல்லம் ஒன்றில் பராமரிப்பு வேலை பார்க்கிறார். மகள் மதுரா பள்ளியின் கடைசி வருடம். புட்டு, கணவாய் மீன் கறி, கத்தரிக்காய்ப் பொரியல். புட்டு ஆவியில் சமையலறை ஜன்னல் முழுக்க வெள்ளையாக மூடிக்கொண்டது. கிருபா எழுந்துபோய் அந்தக் கண்ணாடியில் விரலால் வரைய ஆரம்பித்தார்.

"இதுதான் குடாநாடு. இதிலை இருந்து பண்ணைப் பாலத்தாலை வந்தா வேலணை, அங்காலை ஊர்காவற்றுறை. புங்குடுதீவுக்கும் கடலுக்கு மேலாலை தாம்போதி றோட்டு இருக்கு. பஸ்ஸிலை போகலாம். மிச்சம் நாலு. நயினாதீவு, நெடுந்தீவு, எழுவைதீவு, எங்கட அனலைதீவு. நாலுக்கும் படகு மட்டுந்தான்."

"நிர்வாகம் எப்படி?" என்றேன். என் வாய் தன்னால் அதைத்தான் கேட்கும்.

"நெடுந்தீவுக்குத் தனி ஏ.ஜி.ஏ. நயினாதீவு வேலணைக்குக் கீழை. நாங்களும் எழுவைதீவும் ஊர்காவற்றுறைக்குக் கீழை." ஏ.ஜி.ஏ. என்றால் உதவி அரசாங்க அதிபர். நம் ஊர்த் தாசில்தாரும் சப்-கலெக்டரும் சேர்ந்த மாதிரி ஒருவர்.

"ஒரு கொம்யூனுக்குள்ளை ரெண்டு தீவு. அவ்வளவுதான் அன்ரி" என்றாள் மதுரா. நார்வேயில் உள்ளூராட்சிக்குக் கொம்யூன் என்று பெயர். "அப்பா இதை ஒரு மணித்தியாலம் சொல்லுவார்."

கண்ணாடியில் தீவுகள் நீராகி வழிந்தன. கிருபா அதைப் பார்த்துக்கொண்டே விஷயத்துக்கு வந்தார். அங்கே போர்நிறுத்தம் இருந்த காலம் அது. ஊருக்குப் போய்வரலாம், பொருள் அனுப்பலாம் என்ற நம்பிக்கை வந்திருந்தது. ஒஸ்லோவில் இருந்த அனலைதீவுக்காரர்கள் கூடி, நோயாளிகளை ஏற்றிச் செல்ல ஒரு படகு வாங்கி அனுப்புவது என்று முடிவு செய்திருந்தார்கள். படகும் பார்த்தாகிவிட்டது. நார்வேக் கரையோரத்தில் பல காலம் ஆம்புலன்ஸ் படகாக ஓடியது. சாமி அறையில் அதன் படத்தைச் சட்டம் போட்டு மாட்டியிருந்தார்.

"இந்தப் படகுல ஏன் இவ்வளவு பிடிவாதம்னு கேக்கலாமா அண்ணே?" என்றேன்.

சாந்தினிதான் முதலில் வாய் திறந்தார். "இவர்ர அத்தான்..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார்.

"என்ர அக்காவின்ர மனுசன்" என்றார் கிருபா. "புகையிலைத் தோட்டத்திலை புடையன் பாம்பு கடிச்சது. வாடைக்காலம், கடல் கொந்தளிப்பெண்டு லோஞ்ச் படகு விடேல்லை. வள்ளத்திலை ஏத்தினம். எண்டா, நானில்லை. நான் அப்ப இஞ்சை பனிக்குள்ளை மீன் வெட்டிக்கொண்டு நிண்டனான். கொண்டு போனவை சொன்னவை, ஊர்காவற்றுறைக் கரை தெரியேக்கை முடிஞ்சுதெண்டு."

நான் சனிக்கிழமை படகைப் பார்க்க வருவதாகச் சொன்னேன். "பாத்துட்டு உங்க கூட்டத்துல நானே பேசுறேன்" என்றேன்.

மதுரா பதறிப்போனாள். "ஏன் அன்ரி அவையளைப் பேசப் போறீங்கள்? அவையள் என்ன பிழை செய்தவை?"

அவர்கள் தமிழில் பேசுவது என்றால் திட்டுவது. பேசுவதற்குக் கதைப்பது. இது விளங்கும்வரை நான் விழித்தேன், விளங்கியபின் எல்லோரும் சிரித்தோம்.

வகுப்பு முடிந்த ஒரு மாலை, நகரமன்றத்துக்கு எதிரே துறையில் கட்டிக் கிடந்த படகிலேயே இறால் விற்றார்கள். கடலிலேயே அவித்து, ஆறவைத்து, காகிதப் பையில் அள்ளித் தருகிறார்கள். பக்கத்து பெஞ்சில் கோட்டும் சூட்டும் போட்ட ஆண்கள் இறால் தோலை உரித்துக் கடற்பறவைகளுக்கு வீசிக்கொண்டிருந்தார்கள். குளிர்ந்த இறாலை ரொட்டியில் வைத்து மயோனைஸ் பூசித் தின்ன வேண்டுமாம். தூத்துக்குடியில் பிறந்தவளுக்கு இது அநியாயம். கைப்பையில் இருந்த மிளகாய்த்தூளைத் தூவினேன். ஒரு சூட்டுக்காரர் எட்டிப் பார்த்து, தனக்கும் கொஞ்சம் வேண்டும் என்று கை நீட்டினார். கண்ணில் நீர் வரத் தின்று முடித்து, மறுபடியும் கை நீட்டினார்.

சனிக்கிழமை கிருபாவின் காரில் புறப்பட்டோம். துணைக்கு மதுராவும், சூசை என்பவரும். சூசை எழுவைதீவுக்காரர், குட்டையான, கரகரத்த குரல் மனிதர். பள்ளிக்கூடங்களில் துப்புரவு வேலை பார்க்கிறார். கார் ஒஸ்லோவைத் தாண்டும் முன்பே இருவருக்கும் வாக்குவாதம்.

"படகு ரெண்டு தீவுக்கும் பொது எண்டு சொல்லு, நானும் எங்கட ஆக்களைச் சேக்கிறன்" என்றார் சூசை.

"ஓடித்திரிஞ்சது நாங்கள். படகு அனலைதீவுக்குத்தான். உங்களுக்கு அவசரமெண்டா வரும்தானே."

"நாங்கள் கூப்பிட்டு நீங்கள் வந்து! நல்லாத்தான் இருக்கு."

எனக்குச் சிரிப்பு வந்தது. லட்சத்தீவில் இதே சண்டையை மலையாளத்தில் எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன். எந்தத் தீவில் கப்பல் முதலில் நிற்கும் என்று.

கடல் ஒஸ்லோவை நோக்கி ஒரு நீண்ட கை போல உள்ளே வருகிறது. அந்தக் கை ஒடுங்கும் இடத்தில் டுரூபாக் என்ற சிற்றூர். வெள்ளை மர வீடுகள், ஆப்பிள் மரங்கள், படகுத் துறை. படகின் சொந்தக்காரர் ஈவார், எழுபதைத் தொட்ட முன்னாள் மாலுமி. கை குலுக்கியதில் என் விரல்கள் ஒட்டிக்கொண்டன.

படகு அழகாக இருந்தது. அதில் சந்தேகமே இல்லை. வெள்ளை உடம்பு, உள்ளே படுக்கை, சூடாக்கி, இரண்டு எஞ்சின். கிருபா அதன் பக்கவாட்டைத் தடவிக்கொண்டே நின்றார். நான் ஈவாரிடம் ஒரு நீண்ட கழி கேட்டேன். அடிப்பாகம் தண்ணீருக்குள் எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று பார்த்தேன். இன்னொரு முறை பார்த்தேன். இரண்டாவது முறையும் அதேதான். என் தோள் உயரம்.

"புயலிலும் கவிழாது. ஆழமான அடிக்கட்டை" என்று ஈவார் பெருமையாகச் சொன்னதை மதுரா மொழிபெயர்த்தாள்.

அதுதான் பிரச்சினை. நார்வேயில் பாறை செங்குத்தாகக் கடலுக்குள் இறங்குகிறது. கரையிலிருந்து ஓர் அடி எடுத்து வைத்தால் பாதாளம். பாக்கு நீரிணையின் தீவுப் பக்கம் எனக்கு ஓரளவு தெரியும். அங்கே கடல் ஒரு பெரிய தாம்பாளம். கரையிலிருந்து எவ்வளவோ தூரம் நடந்தாலும் இடுப்பு நனையாத இடங்கள் உண்டு. இந்தப் படகு அங்கே போனால் மணலில் குந்திக்கொள்ளும்.

திரும்பும் வழியில் சொல்லிவிட்டேன். தள்ளிப்போட்டால் இன்னும் வலிக்கும் என்று தெரியும்.

"அண்ணே, இது அங்க ஓடாது. தரை தட்டிரும். தண்ணி வத்துன நேரத்துல துறைக்குப் பக்கத்துலயே வர முடியாது. நோயாளியைத் தோள்ல தூக்கிட்டுக் கடல்ல நடக்கணும்."

கிருபா சாலையையே பார்த்துக்கொண்டு ஓட்டினார். ட்வெய்ட்டா வந்ததும், "நான் எல்லாருக்கும் சொல்லிப்போட்டன் தங்கச்சி. அக்காவுக்கும் சொல்லிப்போட்டன்" என்றார். அவ்வளவுதான். என்னை விடுதியில் இறக்கிவிடும்போது போய்வருகிறேன் என்பதற்குத் தலையை மட்டும் அசைத்தார்.

ஞாயிறும் திங்களும் அவரிடமிருந்து ஒன்றும் இல்லை. நான் என் கணக்கில் உறுதியாகத்தான் இருந்தேன். ஆனாலும் சட்டம் போட்ட அந்தப் படம் கண்ணுக்குள் வந்துகொண்டே இருந்தது. வகுப்பில் ஆசிரியை அலைத் தடுப்புச் சுவர் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார். நான் தாளின் ஓரத்தில் தட்டையான படகுகளாக வரைந்துகொண்டிருந்தேன்.

செவ்வாயன்று சாந்தினி விடுதிக்குத் தொலைபேசினார். "நாளைக்குப் பின்னேரம் வாங்கோ. மச்சாள் ஊர்காவற்றுறைக்கு வந்து இரவு தங்கி, கடையிலை இருந்து போன் எடுக்கிறா. நீங்களே அவவோடை கதையுங்கோ. இவர் சொல்லமாட்டார்."

புதன் மாலை நான் போனபோது கிருபா சோபாவின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். தொலைபேசி அடித்தது. சாந்தினி ஒலிபெருக்கியைப் போட்டார். கிருபாவின் அக்கா சரஸ்வதி, அனலைதீவில் சின்னப் பள்ளிக்கூடம் ஒன்றின் ஆசிரியை. கணீரென்ற குரல். அந்தப் பக்கம் யாரோ சைக்கிள் மணி அடித்தது இங்கே கேட்டது.

நான் நேரடியாகக் கேட்டேன். "அக்கா, தண்ணி வத்துனா உங்க லோஞ்ச் எங்க நிக்கும்?"

"இறங்குதுறைக்கு வரும், ஆனா தட்டித் தட்டித்தான் வரும். சில நாள் அங்காலை நிண்டிடும். நாங்கள் சீலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கி நடக்கிறதுதான். ஏன்?"

"தம்பி பார்த்த படகு ஆழம் ஜாஸ்தி. என் தோள் வரைக்கும் தண்ணி வேணும்."

மறுமுனையில் சிரிப்பு வந்தது. "தம்பி, அப்ப உந்தப் படகைக் கொண்டு வந்து நான் கோழி அடைக்கிறதே?"

கிருபாவின் முகம் சிவந்தது. "அக்கா, உனக்காகத்தானே..."

"எனக்காகவெண்டா கேள். மூண்டு விஷயம் சொல்லு. ஒண்டு, படகை ஆர் ஓட்டுறது? நீ ஒஸ்லோவிலை இருந்து வந்து ஓட்டுவியே? ரெண்டு, எண்ணெய் ஆர் அடிக்கிறது? மூண்டு, பழுதானால் ஆர் திருத்துறது? ஏ.ஜி.ஏ. கந்தோரிலை இல்லாட்டில் கூட்டுறவுச் சங்கத்திலை ஒராள் பொறுப்பெண்டு இருக்க வேணும். இல்லாட்டில் உந்தப் படகு ரெண்டு மாரிக்குக் கரையிலை கிடந்து உக்கிப்போகும். பேந்து நான் ஒவ்வொரு நாளும் பள்ளிக்கூடம் போகேக்கை அதைப் பாத்துக்கொண்டு போக வேணும். எனக்கு அது ஏலாது."

கடைசி வாக்கியத்தில்தான் குரல் கொஞ்சம் தடுமாறியது. கிருபா தலையைக் குனிந்துகொண்டார். அறையில் இருந்த யாரும் அவரைப் பார்க்கவில்லை.

அந்த மூன்று கேள்விகளும் என் துறையில் ஒவ்வொரு கோப்பிலும் நான் கேட்டு அலுத்தவை. தீவுகளில் படகைக் கொல்வது கடல் இல்லை. இது யாருடைய வேலை என்று தெரியாமல் போவதுதான். நான் அவர்களிடம் சொன்னேன்: சின்னதாக, தட்டை அடியோடு, முன்பக்கம் கதவு மாதிரி கரையில் சாயும் படகு வேண்டும். ஊர் மீனவர்கள் ஓட்டிப் பழகிய, ஊரிலேயே உதிரி கிடைக்கும் எஞ்சின் வேண்டும். பொறுப்பாளர் யார் என்பது படகு கப்பலேறும் முன் முடிவாக வேண்டும்.

"இவ ஆர் தம்பி? நல்லாக் கதைக்கிறா. சினிமாவிலை கதைக்கிறமாதிரி இருக்கு" என்றார் சரஸ்வதி.

"அப்படிப் படகுக்கு எங்கை போறது?" என்று கிருபா கேட்டார். நான்கு நாளுக்குப் பிறகு என்னிடம் அவர் பேசிய முதல் வார்த்தை.

மதுரா ஏற்கெனவே தன் கைத்தொலைபேசியை எடுத்துவிட்டிருந்தாள். "ஈவாரைக் கேப்பம். அவருக்குத்தான் எல்லாரையும் தெரியும்."

"எங்களிலை கோபமாயிருப்பார்."

"அப்பா, நோர்வே ஆக்கள் கோபமெண்டா ஒண்டும் சொல்லமாட்டினம். கேட்டாப் பதில் சொல்லுவினம்."

ஈவார் கோபமாகத்தான் இருந்தார். தன் படகை வேண்டாம் என்றவர்களுக்கு முதலில் ஒற்றைச் சொல்லில் பதில் சொன்னார். மதுரா அந்தக் கடல் இடுப்பளவுதான் என்று விளக்கியதும் அவருக்குள் இருந்த மாலுமி விழித்துக்கொண்டார் போலிருக்கிறது. அவ்வளவு ஆழமற்ற கடலில் எப்படித்தான் கப்பல் ஓட்டுகிறார்கள் என்று கேள்வி மேல் கேள்வி. கடைசியில், கோடை விடுமுறைக் குடில்கள் இருக்கும் தீவுகளுக்கு மணலும் மரப்பலகையும் ஏற்றும் பக்கத்து வீட்டுக்காரர் தன் அலுமினியப் படகை விற்கப் பார்க்கிறார் என்று சொன்னார். அதற்கு அடி தட்டை. முன்பக்கம் கீழே சாயும்.

அடுத்த சனிக்கிழமை மறுபடி டுரூபாக். இம்முறை சாந்தினியும் வந்தார். படகு பார்க்க ஒரு அழகும் இல்லை. கேக் சுடும் பெரிய தட்டு மாதிரி இருந்தது. கிருபாவின் முகம் வாடியதைக் கவனித்தேன். ஆனால் ஈவார் அதைக் கரைக்கு ஓட்டிவந்து முன்கதவை இறக்கியபோது, நான் சல்வாரை முழங்கால்வரை சுருட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கினேன். செப்டம்பர்க் கடல் கணுக்காலைக் கத்தியால் அறுத்தது. கதவு சாய்ந்த இடத்தில் நின்றேன். தண்ணீர் முழங்காலுக்குக் கீழே.

"இந்தா பாருங்க அண்ணே! முழங்கால்!" என்று கத்தினேன். கரையில் நாயோடு போன ஒரு அம்மாள் நின்று வேடிக்கை பார்த்தார்.

சாந்தினிக்கு அது போதவில்லை. "படகு கரைக்கு வரும், சரி. ஆனா படுக்கிற ஆள் அலையிலை என்ன பாடு படும்? அதைப் பாக்க வேணும். ஆராவது படுங்கோ."

நான் படுக்கத் தயாரானேன். கிருபா என்னைத் தடுத்தார். "நான் படுக்கிறன்."

படகின் தரையில் ஒரு பலகையைப் போட்டு, மேலே கம்பளி விரித்தார்கள். சாந்தினி தன் வேலையிடத்தில் செய்வது போலப் பட்டைகளால் கைகளையும் சேர்த்து நெஞ்சிலும் தொடையிலும் கட்டினார். முடிச்சை இரண்டு முறை இழுத்துப் பார்த்தார். ஈவார் படகை நடுக்கடலுக்குக் கொண்டுபோய்க் காத்திருந்தார். எதற்கு என்று எனக்குப் புரியவில்லை. சற்று நேரத்தில் ஜெர்மனி போகும் பெரிய கப்பல், மாடி மாடியாக, ஒஸ்லோப் பக்கமிருந்து வந்து கடந்தது. அதன் அலை எங்களை நோக்கி மடிந்து மடிந்து வந்தது. ஈவார் படகின் முகத்தை அதற்குக் கொடுத்தார்.

முதல் அலையில் நான் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். இரண்டாவதில் சூசை, "மாதாவே!" என்றார். தட்டையான படகு தூக்கிப் போட்டது, படாரென்று அறைந்தது, ஆனால் சாயவில்லை. பலகை நகரவில்லை. சாந்தினி ஒரு கையைக் கணவரின் தோளில் வைத்தபடி மண்டியிட்டிருந்தார். நீர்த் துளிகள் கிருபாவின் முகத்தில் தெறித்தன. அவர் துடைக்கவில்லை, கை கட்டியிருந்தது. மேலே வானத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அலை அடங்கியபின் சாந்தினி பட்டைகளை அவிழ்த்தார். கிருபா உடனே எழவில்லை.

"அத்தான் இப்பிடித்தான் பாத்துக்கொண்டு போயிருப்பார் என்ன?" என்றார்.

ஈவாருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் தொப்பியைக் கழற்றிவிட்டார்.

கொஞ்ச நேரம் கழித்து கிருபா எழுந்து உட்கார்ந்து சூசையைப் பார்த்தார். "முதுகு நோகுது. கீழை நல்ல மெத்தை போட வேணும். சூசையண்ணை, உங்கட ஆக்களிலை நல்ல ஓட்டி ஆர் இருக்கினம்?"

சூசை ஒரு நிமிடம் அவரை உற்றுப் பார்த்தார். "என்ர பெறாமகன், தமையன்ர பொடியன், இருக்கிறான். கண்ணை மூடிக்கொண்டு ஓட்டுவான்."

"கண்ணைத் திறந்துகொண்டு ஓட்டட்டும்" என்றார் சாந்தினி.

ஞாயிற்றுக்கிழமை ட்வெய்ட்டாவில் ஒரு மண்டபத்தில் கூட்டம். பழைய படகின் படத்தைப் பார்த்துப் பூரித்திருந்தவர்களுக்கு இந்த அலுமினியத் தட்டு பிடிக்கவில்லை. பின்வரிசையில் ஒருவர் எழுந்தார். "நாங்கள் நோர்வேயிலை இருந்து சாமான் ஏத்துற பெட்டியை அனுப்பினா ஊரிலை சிரிப்பினம். இந்தியாவிலை இருந்து வந்தவ எங்கட கடலைப் பற்றி எங்களுக்குச் சொல்லுறதே?"

நான் எழுந்தேன். தயங்கவில்லை. ஆழமற்ற கடலில் பதினைந்து வருடம் கால் நனைத்தவள் நான். ஆனால் வாயைத் திறக்கும் முன் கிருபா எழுந்துவிட்டார்.

"அவ சொல்லேல்லை. என்ர அக்கா சொன்னவ. நான் அதிலை படுத்துப் பாத்தனான். விருப்பமான ஆக்கள் வந்து ஒருக்காப் படுத்துப் பாருங்கோ. பேந்து கதைப்பம்."

சிலர் சிரித்தார்கள், சிலர் முணுமுணுத்தார்கள். பிறகு பேச்சு மெல்ல வேறு பக்கம் திரும்பியது: ஓட்டுபவர் எழுவைதீவிலிருந்து, படகு நிற்பது அனலைதீவில், எண்ணெய் ஊர்காவற்றுறைச் சங்கத்தின் பொறுப்பில், மேற்பார்வை, கந்தோர் என்று அவர்கள் சொல்லும் ஏ.ஜி.ஏ. அலுவலகம். இதற்கு மட்டும் இரண்டு மணி நேரம் சண்டை போட்டார்கள். எனக்கு அது இனித்தது. சண்டை போடுகிறார்கள் என்றால் படகு உயிரோடிருக்கும். எதிர்த்துப் பேசியவரே கடைசியில் மெத்தையைத் தான் வாங்கித் தருவதாகச் சொன்னார்.

திங்கட்கிழமை நான் கிளம்பினேன். சாந்தினி மிளகாய்த்தூள் ஒரு பொதி தந்தார், யாழ்ப்பாணத்து வறுத்த தூள்.

கொழும்புத் துறைமுகம், சுங்கம், அனுமதிகள் என்று படகு அனலைதீவு போய்ச் சேர நெடுங்காலம் பிடித்தது. சேர்ந்தது. பிறகு அங்கே மறுபடி போர் வந்தது. அதற்குப் பின் படகு என்ன ஆனது என்று எனக்குத் தெரியாது. கேட்டபோது கிருபாவுக்கும் சரியாகத் தெரியவில்லை. ஆனால் அதற்கு முன்னால் ஒரு நாள் கவரத்தியில் என் அலுவலகத்துக்கு அவரிடமிருந்து ஒரு தொலைபேசி வந்தது. எடுத்தவுடனே சிரிப்பு.

"தங்கச்சி, உங்களிட்டை ஒரு நிர்வாகக் கேள்வி."

எழுவைதீவிலிருந்து ஒரு கர்ப்பிணிப் பெண்ணை ஏற்றியிருக்கிறார்கள். சூசையின் பெறாமகன்தான் ஓட்டினானாம். பிரசவம் பார்க்கும் குடும்பநல மாதும் கூட இருந்தார். ஊர்காவற்றுறை ஆஸ்பத்திரிக்குப் பாதி வழியிலேயே, அந்த மெத்தையில், பெண் குழந்தை பிறந்துவிட்டது. இருவரும் சுகம். பிறப்பைப் பதியப் போனபோது பதிவாளர் பிறந்த இடம் எது என்று கேட்டிருக்கிறார். எழுவைதீவுக்காரர்கள், "தாய் எங்கள் ஊர்" என்றார்கள். அனலைதீவுக்காரர்கள், "படகு எங்கள் ஊர்" என்றார்கள். இரண்டு தீவிலிருந்தும் ஆட்கள் கந்தோர் வாசலில் வந்து நின்று வாதாடுகிறார்களாம்.

"அக்காவும் நிக்கிறா. அனலைதீவுக்காரர் பக்கம். ஆரும் விட்டுக்குடுக்கேல்லை. உங்கட தீவுகளிலை இதுக்கு என்ன செய்வினம்?"

நான் வாய்விட்டுச் சிரித்ததில் பக்கத்து அறைக்காரர்கள் எட்டிப் பார்த்தார்கள்.

"ரெண்டு தீவுக்காரங்களும் எங்க பிள்ளைன்னு சண்டை போடுறாங்களா அண்ணே?"

"ஓம்."

"அப்ப பதிவாளரை அவசரப்படுத்தாதீங்க. கொஞ்ச நாள் நல்லாச் சண்டை போடட்டும்" என்றேன்.